ஜனாதிபதி சேவல்

பொழுது சாயுற நேரத்துல சண்டைச்சேவல் ஒண்ணு கூண்டுக்குள்ள பாஞ்சு, கிழட்டுச் சேவலை ஒரே உதையில இறக்கிட்டு உச்சிக் கட்டையில ஏறிடுச்சு.

"இனிமே நான்தான் ஜனாதிபதி! பயப்படாதீங்க, விடியுற வரைக்கும்தான். விடிஞ்சதும் எறங்கிடுவேன்!"

மளமளன்னு வேலை நடந்துச்சு. பூனை வர்ற ஓட்டையை அடைச்சாச்சு. தண்ணிக்கு வரிசை வந்தாச்சு.

"அடுத்த சட்டம்! இனிமே பொட்டக்கோழியும் கூவலாம்!"

கோழிங்க றெக்கையை அடிச்சு ஆடுன ஆட்டத்துல கூண்டே குலுங்குச்சு!

மறுநாள் சூரியன் வந்துட்டான். ஜனாதிபதி கூவ வாயே தொறக்கலை. கூவுற சத்தம் கேட்டாத்தான் வீட்டுக்காரம்மா கூண்டைத் திறக்கும். புள்ளிக்கோழியோட குஞ்சுங்க பசியில கத்துதுங்க.

"அண்ணே, வெயில் முதுகைச் சுடுது. விடிஞ்சிருச்சு."

"அதெப்படி விடியும்? நான் இன்னும் கூவலையே!"

புள்ளிக்கோழி தொண்டையைச் செருமுச்சு. கழுத்தை நீட்டுச்சு. "கொக்கரக்கோ... க்கோ!" சுருதி கொஞ்சம் பிசகிடுச்சு. ஆனா தெருவே முழிச்சுக்கிச்சு! வீட்டுக்காரம்மா ஓடிவந்து கதவைத் திறந்துச்சு.

"ஏய்! பொட்டக்கோழி கூவி எங்கயாவது பொழுது விடியுமா?"ன்னு உச்சிக் கட்டையில இருந்து கத்துச்சு ஜனாதிபதி.

"சட்டம் நீங்க போட்டதுதானே அண்ணே! மெதுவா எறங்குங்க, கால் பத்திரம்."