சீட்டுல விரிச்ச டவல்

"பாத்தியா மரியாதைய?"ன்னு புருஷன் காதுல கிசுகிசுத்தாங்க முத்தம்மாள்.

ரெட்டியார்பாளையத்துல அமிர்தவல்லி அம்மா வீட்டு வாசல். புதுக் கார் நிக்குது. முன் சீட்டுல ஒண்ணு, பின் சீட்டுல ஒண்ணு, நல்ல பூப்போட்ட டவலா எடுத்தாந்து அந்தம்மாவே தன் கையால விரிச்சாங்க.

"வெயில்ல சீட்டு சுடும் சம்பந்தி. அதான்."

கார் நின்னது வேப்பமரத்து நெழல்ல. அத யாரு பாத்தா.

காசிலிங்கம் வீராம்பட்டினத்துல மீன் புடிக்க சொந்தமா ஃபைபர் படகு வச்சிருக்கிறவரு. சம்சாரம் முத்தம்மாள் மார்க்கெட்டுல மீன் விக்கிறவங்க. மவ சங்கவிக்கு மாப்பிள்ளை வீடு பாக்க வந்திருந்தாங்க. அதுக்காக முத்தம்மாள் ரெண்டு தடவ குளிச்சு, ஜவ்வாது தடவி, தலை கொள்ளாம மல்லிப்பூ வச்சிருந்தாங்க.

பையன் அஜித்த ரெண்டு பேருக்குமே புடிச்சுப்போச்சு. ஊருத் தேர் முடிஞ்சதும் ஆவணில தாம்பூலம் மாத்திக்கலாம், வீட்டுல ஒரு வார்த்தை கேட்டுட்டு சாயந்திரம் போன்ல சொல்றேன்னுட்டாரு காசிலிங்கம். சரின்னுதான் சொல்லப்போறாருன்னு அவரு மூஞ்சியே சொல்லிச்சு.

அமிர்தவல்லி அம்மாவும் கடற்கரை ஆளுதான். வீட்டுக்காரருக்கு கவர்மென்ட் வேலை கெடச்சு இங்க வந்து பதினஞ்சு வருஷம் ஆவுது. ஆனா பேச்ச கேட்டா, கடல காலண்டர்ல மட்டும் பாத்தவங்க மாதிரி இருக்கும். "சீரு கீரு ஒண்ணுமே வேணாம் சம்பந்தி, வர்றப்ப ஒரு நல்ல வஞ்சிரம் எடுத்தாந்தா போதும்"னு மூக்காலயே இழுத்து இழுத்து சொல்லியிருந்தாங்க. வஞ்சிரம் வந்த ஒடனே ஃப்ரிட்ஜுல ஏறிடுச்சு.

நானே கொண்டாந்து விட்டுடறேன்னு அஜித் வண்டில ஏறி ஒக்காந்தான். காசிலிங்கம் முன்னாடியும் முத்தம்மாள் பின்னாடியும் ஒக்காந்தாங்க. அவன் சீட்டுல மட்டும் டவல் இல்ல.

வண்டிய ஸ்டார்ட் பண்ணான். கூடவே வாயையும் ஸ்டார்ட் பண்ணான். வண்டி வாசல விட்டு நகரல. ஒயரே வேணாமாம். போன் சட்டைப் பையிலயே இருக்குமாம், கார் தானா புடிச்சுக்குமாம். பாட்டு, மேப்பு, பேச்சு எல்லாமே இந்தத் திரையில வருமாம். ஒவ்வொண்ணு சொல்றப்பவும் முடிய ஒரு தடவ கோதிக்கினான்.

"ஒங்க போனை குடுங்க மாமா, கார்ல கோத்து விடறேன். மேப்பு எப்பிடி வழி காட்டுதுன்னு பாருங்க."

காசிலிங்கம் நடுக்கடல்ல ஜிபிஎஸ் பாத்து வலை எறக்குறவரு. போனை நீட்னாரு.

கோக்கல. ரெண்டாந் தடவையும் கோக்கல. அஜித் போனைத் திருப்பித் திருப்பிப் பாத்தான். ஒடஞ்ச மூலையப் பாத்து ஒதட்ட பிதுக்கினான்.

"இந்த மாதிரி போனையெல்லாம் இது மதிக்காது மாமா. கல்யாணத்துக்கு நானே ஒண்ணு வாங்கித் தர்றேன்."

காசிலிங்கம் திரையக் காட்னாரு. "தம்பி, அதுல ஏற்கனவே ஒரு பேரு இருக்குது பாருங்க. அமிர்தவல்லின்னு."

"ஓ, அம்மா போனா. பூசை போட்ட அன்னிக்கு எலுமிச்சம்பழத்து மேல வண்டிய ஏத்துன கையோட, கைராசின்னு மொத மொத அவங்க போனைத்தான் கோத்தோம். வீட்டுக்குள்ள இருந்தே இழுத்துக்கிச்சு பாருங்க. அதான் கார்."

அந்த நேரம் பாத்து கார்ல மணி அடிச்சுது. திரையில சுலோசனான்னு பேரு.

அஜித்துக்கு சந்தோஷம் தாங்கல. அரியாங்குப்பத்து சித்திதான், அம்மாவுக்கு கூப்புடறாங்க, நாம கார்ல இருந்தே பேசலாம், ஒங்களையும் தெரிஞ்ச மாதிரி ஆச்சுன்னு பச்சை பட்டனை அமுக்கினான். வாயத் தொறந்தான். சுலோசனா விட்டாத்தான.

"அக்கா, கெளம்பிட்டாங்களா? காத்தால சொன்னியே, டவல விரிச்சிட்டியா? புது சீட்டுக்கா. மீன்கவுச்சி ஏறிச்சின்னா எத்தினி சென்ட் அடிச்சாலும் போவாது. சுடும்னு சொன்னத நம்பிட்டாங்களா?"

அஜித் திரையில கண்ட எடத்துல எல்லாம் குத்தினான். சத்தம்தான் ஏறுச்சு.

காசிலிங்கம் அவன் மணிக்கட்ட மெதுவா புடிச்சாரு.

"இருங்க தம்பி. பேசி முடிக்கட்டும்."

"போனதும் டவல தனியா ஊற வை. நம்ம துணியோட சேத்துடாத. அந்த வஞ்சிரத்துல நடுத்துண்டா நாலு எனக்கு எடுத்து வைக்கா. ஹலோ? இன்னா பேச மாட்டேங்கற?"

காசிலிங்கம் ஒரே ஒரு வெரல நீட்டி, செவப்பு பட்டனை சரியா தொட்டு கட் பண்ணாரு. அப்புறம் அஜித் ஒக்காந்திருந்த எடத்தப் பாத்தாரு.

"தம்பி சீட்டு சுடலியா?"

அஜித் வண்டிய ஆஃப் பண்ணான்.

முத்தம்மாள் அழுவல. கதவத் தொறந்து எறங்கி, நேரா வீட்டுக்குள்ள போனாங்க.

எதிர்ல அமிர்தவல்லி அம்மா போனை ஒதறிக்கினே வந்தாங்க. "அஜித்து, சுலோசனா கூப்புட்டாடா. எடுத்தா சத்தமே வரல. இன்னா சம்பந்தி, எறங்கிட்டீங்க?"

காசிலிங்கமும் எறங்குனாரு. முன் சீட்டு டவல எடுத்து ஒதறி, நாலா மடிச்சாரு. பின் சீட்டு டவலையும் எடுத்து மடிச்சாரு. அதுக்குள்ள முத்தம்மாள் வெளிய வந்துட்டாங்க, கையில வஞ்சிரத்தோட.

காசிலிங்கம் ரெண்டு டவலையும் அமிர்தவல்லி அம்மா கையில வச்சாரு.

"சாயந்திரம் சொல்றேன்னேன். இப்பவே சொல்லிட்டுப் போறேன். காலம்பூரா டவல் மேலயே ஒக்கார எம்பொண்ணால முடியாதும்மா."