மகன் விட்டுப்போன கணினி

குடும்ப மானத்தை வாங்கிவிட்டான் என்று பெற்ற மகனைக் கடப்பாரையால் அடித்துக் கொன்று தோட்டத்தில் புதைத்த பெரியவர், அவன் வெளிநாடு போய்விட்டதாக மனைவியிடம் சொல்லியிருந்தார். அவனும் அவன் காதலித்த பெண்ணும் சேர்ந்திருக்கும் படங்களை அழித்தாக வேண்டும். அவன் கணினியோ கறுப்புத் திரையோடு நின்றது.

பழுது பார்க்க வந்த மெக்கானிக், திரையை இயக்கும் டிஸ்ப்ளே டிரைவர் மென்பொருளை மாற்றிப் பார்த்தான். "இதுல இருக்கிற லினக்ஸ் சிஸ்டம் ஒழுங்காத்தான் ஏறுது ஐயா. இது ஏதோ கேமரா காட்டுற இருட்டு. ஆனா இதுல கேமராவே கிடையாது. உங்க பையன் வெளிநாட்டுல இருந்தே விளையாடுறாரு போல."

"வாயை மூடிட்டு வேலையைப் பாரு."

திரையில் மண் சரிந்தது. வெளிச்சம் புகுந்தது. மண்வெட்டியோடு அவர் மனைவி மேலிருந்து குனிந்து பார்த்தாள்.

தோட்டத்திலிருந்து அவள் குரல் கேட்டது. "என்னங்க, இங்க வந்து பாருங்க. புள்ள கண்ணு திறந்துதான் இருக்கு."