கண்ணாடிக்குள் இருந்தவள்

வாருங்கள். இந்த அரங்கின் நான்காம் வரிசையில், அவளுக்குப் பக்கத்து நாற்காலியில் அமருங்கள். ஒரு களவு மேடையேறிப் பொன்னாடை போர்த்திக்கொள்வதை உங்கள் கண்ணாலேயே காணுங்கள்.

படத்தின் சிறப்புக் காட்சி முடிந்துவிட்டது.

'எழுத்து, இயக்கம்' என்ற சொற்களுக்குக் கீழே தயாரிப்பாளர் சந்தானகோபாலின் பெயர் ஒளிர்ந்தது.

அவள் பெயர் எங்கும் இல்லை. நன்றி சொன்ன பட்டியலிலும் இல்லை.

ஒன்பது ஆண்டுகள் அவள் எழுதி, வரைந்து, இயக்கிய அனிமேஷன் படம்.

அந்த ஒன்பது ஆண்டுகளும் அவள் மேசைமேல் ஒரு சிறு கண்ணாடி நின்றது. இந்தத் தொழிலில் வரைகிற எவர் மேசையிலும் நிற்பதுதான். பாத்திரம் அழ வேண்டுமானால், வரைபவர் முதலில் கண்ணாடி முன் அழ வேண்டும். பிறகு கண்டதைத் தாளில் இறக்க வேண்டும்.

கதாநாயகியின் புருவம் அவள் புருவம். சினம் அவள் சினம். சிரிப்பு வந்தால் வாயைப் பொத்திக்கொள்ளும் கை, அவள் கை.

சென்ற மாதம், பெயரை எடுத்த அன்று, சந்தானகோபால் விளக்கம் சொன்னார்.

"இந்தப் பேரைப் போஸ்டர்ல போட்டா எவன்மா வருவான்? கோயில் கொடைத் திருவிழா நோட்டீஸுன்னு நெனச்சுக்குவான்."

அறை சிரித்தது.

பதிலை அவள் இன்றைக்கென்று வைத்துக்கொண்டாள்.

இதோ, கேள்வி நேரம். மைக் கைமாறிக் கைமாறி வருகிறது. அவள் எழுகிறாள்.

மேடையில் சந்தானகோபாலின் முகம் வெளுத்து, உடனே தேறிக்கொள்கிறது.

"அட, நம்ம டீம் பொண்ணு! கேளும்மா, கேளு."

"ஒண்ணே ஒண்ணு சார். உங்க கதாநாயகி ஏன் எல்லாத்தையும் இடது கையாலேயே செய்யுதா?"

அவர் அதை இந்த நொடியில்தான் அறிகிறார். ஆனாலும் புன்னகைக்கிறார்.

"நல்ல கேள்வி! அது வேணும்னே வச்சது. அவ புரட்சிக்காரி இல்லியா? வலது கைன்னா பழைய உலகம். இந்த ஒரு விஷயத்துக்கே மூணு மாசம் நான் தூங்கல."

கைதட்டல்.

அது ஓயும்வரை அவள் நிற்கிறாள். ஒன்பது ஆண்டு பொறுத்தவளுக்கு இது பெரிதல்ல.

பிறகு மைக்கை உங்களிடம் பிடிக்கத் தந்துவிட்டு, பைக்குள்ளிருந்து அந்தக் கண்ணாடியை எடுக்கிறாள். ஓரம் உடைந்தது. பென்சில் கரி படிந்தது. இடது கையால் அதைத் தன் முகத்துக்கு நேரே பிடிக்கிறாள். வலது கையால் வாயைப் பொத்திக்கொள்கிறாள்.

சற்று முன் திரையில் கண்ட அதே சாடை. முன்வரிசையில் யாரோ மூச்சை இழுப்பது கேட்கிறது.

"அவ இடக்கைக்காரி இல்ல சார். நான் வலது கையைத் தூக்கினா, கண்ணாடிக்குள்ள இருக்கிறவ இடது கையைத் தூக்குவா. மாத்தி வரையணும். முதல் வாரம் மறந்துட்டேன். அப்படியே நிலைச்சுப் போச்சு. புரட்சியும் இல்ல, ஒண்ணும் இல்ல. அது என்னோட தப்பு."

குரல் உயரவில்லை.

"என் தப்பைக்கூட விட்டு வைக்கலியே நீங்க."

தொலைக்காட்சிக்காரர்களின் விளக்குகள் மேடையை விட்டு அவள் பக்கம் திரும்புகின்றன.

அவள் கண்ணாடியை மேடைப் பக்கம் திருப்புகிறாள்.

அத்தனை ஒளியும் அவர் முகத்தில் போய் விழுகிறது. அவர் கையை உயர்த்தி மறைக்கிறார். ஒரு கை போதவில்லை.

அவள் கண்ணாடியைத் தாழ்த்தவில்லை.

பார்த்தீர்கள். பார்த்துவிட்டு வீட்டுக்குப் போவது பாதிக் குற்றம்.

வெள்ளிக்கிழமை இந்தப் படம் உங்கள் ஊருக்கு வருகிறது. எவன் வருவான் என்று கேட்டாரே, நீங்கள் போங்கள். 'எழுத்து, இயக்கம்' என்று திரை சொல்லும். அடுத்த வரி எழுமுன் எழுந்து நில்லுங்கள். இருட்டு அதிரச் சொல்லுங்கள்:

இசக்கியம்மாள்.