நாலு மணி நேரம் தாங்கும்

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம். மளிகைக் கடை வாசலில் இருந்த ஒரு ரூபாய் போனுக்கு முன்னால் ஒட்டி ஒட்டிக் கட்டிய லைன் வீடுகளின் பெண்கள் வரிசையில் நின்றார்கள்.

முத்துப்பேச்சி ரிசீவரைக் காதோடு அழுத்திக்கொண்டு, எல்லோருக்கும் கேட்கும்படி பேசினாள்.

"பூசினா நாலு மணி நேரந்தான் தாங்குமா தாயி? வேர்வையில போயிருதே, என்ன செய்ய?"

பின்னால் நின்றவர்கள் ஒருவரையொருவர் பார்த்துச் சிரித்துக்கொண்டார்கள். சென்னையில் ஆபீஸ் வேலை பார்க்கிற மகள், அம்மாவைக் கொசு கடிக்கக் கூடாதென்று களிம்பு வாங்கி அனுப்பியிருக்கிறாள். பூசுகிற விதத்தையும் வாராவாரம் சொல்லித் தருகிறாள். முத்துப்பேச்சி கொடுத்துவைத்தவள் என்று பேச்சு.

கொடுத்துவைத்தவள்தான், போங்கள். மகளும் கிடையாது, மகனும் கிடையாது. புருஷன் செத்த பிறகு கோவில்பட்டிப் பக்கமிருந்து பஸ் ஏறி வந்து பனியன் கம்பெனியில் செக்கிங் வேலைக்குச் சேர்ந்தவள். ஊரில் யார் இருக்கிறார்கள் என்று இந்த லைன் வீட்டுக்கு வந்த அன்றைக்கே கேட்டார்கள். மகள் இருக்கிறாள் என்று வாயில் வந்துவிட்டது. சொன்ன பொய்க்குச் சோறு போட வேண்டாமா?

களிம்பு அவளே வாங்கியது. சாக்கடையோரத்து அறை. பூசிக்கொண்டு படுத்தாலும் விடியுமுன் கொசு மொய்த்துவிடும். இது எவ்வளவு நேரம்தான் தாங்கும் என்று கேட்க, டியூபின் பின்னால் போட்டிருந்த இலவச நம்பரை ஒருநாள் அழுத்தினாள்.

நாலு மணி நேரம் என்றாள் ஒரு பெண். அதோடு விடவில்லை. வேர்வை அதிகம் வருமா, எப்போது படுப்பீர்கள், தோலில் அரிப்பு உண்டா என்று கேட்டாள். முத்துப்பேச்சியை அப்படி யாரும் விசாரித்து வருஷக்கணக்காகியிருந்தது.

அன்றிலிருந்து ஞாயிறுதோறும் அதே கேள்வி. இலவச நம்பருக்குக் காசு போட வேண்டியதில்லை; ஆனாலும் கையில் ஒரு ரூபாயை எல்லோரும் பார்க்கப் பிடித்துக்கொள்வாள். எடுப்பது யாராக இருந்தாலும் அவளுக்கு மகள்தான்.

"அக்கா, உங்க புள்ளைகிட்ட நானும் ஒரு வார்த்தை பேசறனுங்க."

கேட்டுக்கொண்டே பக்கத்து அறை ரிஃபானா ரிசீவரைப் பிடுங்கிவிட்டாள். பம்பாய்க்கு வேலைக்குப் போன புருஷனோடு வாராவாரம் இதே போனில் கலகலவென்று சிரித்துப் பேசுகிறவள். அவள்மேல் முத்துப்பேச்சிக்குக் கொஞ்சம் பொறாமைகூட உண்டு.

முத்துப்பேச்சி ரிசீவரைத் திரும்ப வாங்கக் கை நீட்டினாள்; எட்டவில்லை. எதிர்முனையில் மேடம் என்று கூப்பிட்டிருப்பார்கள். எந்த மகள் அப்படிக் கூப்பிடுவாள்? இனி எந்த முகத்தோடு இந்த லைனில் நடமாடுவது?

ரிஃபானா கொஞ்ச நேரம் காது கொடுத்துக் கேட்டாள்.

"அம்மா நல்லா இருக்காங்க கண்ணு. நாலு மணி நேரத்துக்கு ஒருக்கா பூசறாங்களான்னு நான் பாத்துக்கறேன்" என்று எல்லோருக்கும் கேட்கும்படி சொல்லிவிட்டு ரிசீவரை வைத்தாள்.

அடுத்தது அவள் முறை. ரூபாயைப் போடாமல் கையிலேயே வைத்துக்கொண்டு முத்துப்பேச்சியின் காதருகே குனிந்தாள்.

"அந்த டியூபு நம்பரை எனக்கும் கொஞ்சம் குடுங்கக்கா. அவரு நம்பரை மாத்தி ரொம்ப நாளாச்சுங்க. நான் வெறும் போன்லதான் சிரிச்சுட்டிருக்கேன்."