மீட்டருக்குக் கட்டிய பூ

"ஐயோ, வேணாம்மா! உங்ககிட்ட நான் எதுவும் வாங்கக் கூடாது."

"லஞ்சமா சார் குடுக்கறேன்? இட்லி மாவு. காலையிலதான் ஆட்டினேன். புளிக்கக்கூட இல்ல."

கோர்ட்டு வாசலில் இருந்த புங்க மரத்தடியில் தூக்குவாளியை நீட்டியபடி நின்றாள் ஏலவார்குழலி. வக்கீல் மோகன்ராஜ் கறுப்புக் கோட்டைத் தோளில் போட்டுக்கொண்டு, இரண்டு கைகளையும் பின்னால் கட்டிக்கொண்டார். கை முன்னால் இருந்தால் அதில் வாளியைத் திணித்துவிடுவாளோ என்ற பயம்.

சற்று முன்புதான் தீர்ப்பு வந்திருந்தது. மின்சாரத் திருட்டு நிரூபிக்கப்படவில்லை; அபராதம் செல்லாது. அபராதம் கட்ட வேண்டி வந்திருந்தால், மண்ணூரில் அவளுடைய மாவுக் கடைக் கிரைண்டரை விற்றிருக்க வேண்டும். கேஸ் நடந்த நாளெல்லாம் அந்தக் கிரைண்டர் சுற்றும்போது 'திருடி, திருடி' என்று சொல்வதுபோலவே அவளுக்குக் கேட்டது. இன்று போய்ச் சுவிட்சைப் போட்டால் அது என்ன சொல்லும் என்று கேட்க ஆசையாக இருந்தது.

"எல்லாம் இந்த ஆளால வந்துது சார்." பக்கத்தில் நின்ற கணவன் வரதராஜுலுவை முழங்கையால் இடித்தாள். "ஆயுத பூஜைக்குக் கிரைண்டருக்குப் பூ போட்டா போதாதா? கரண்டு மீட்டருக்கும் போட்டே தீருவேன்னு, சீல் கம்பியில கொண்டு போய்க் கட்டினாரு."

"கரண்டு இல்லாம கிரைண்டர் சுத்துமாடி? அதுக்குத்தானே மொதல் மரியாதை?"

"நல்லா பண்ணீங்க மரியாதை! காஞ்ச பூவ வெடுக்குனு இழுத்தாரு சார், சீலும் கையோட வந்துடுச்சு. செக்கிங்குக்கு வந்தவங்க பாத்துட்டு, திருட்டுக் கரண்டுன்னு எழுதிக்கினு, வேற புது மீட்டர மாட்டிட்டுப் போயிட்டாங்க."

மோகன்ராஜ் சிரித்துவிட்டார். "கூண்டுல இதை அப்படியே சொன்னீங்க பாருங்க, அதாம்மா நல்லது. எலி கடிச்சிருக்கும், அது இதுன்னு ஆரம்பிச்சிருந்தா, நானே உங்களை விட்டிருக்க மாட்டேன்."

பூ கட்டிய கதையை அவள் சொன்னபோது கோர்ட்டே சிரித்தது. சிரிக்காதவர் இவர் ஒருவர்தான். "எந்த இடத்துல கட்டினாரு? கையால காட்டுங்க" என்று பொறுமையாகக் கேட்டார். பிறகு, செக்கிங்குக்கு வந்த இன்ஜினியர் பக்கம் திரும்பினார்.

"புது மீட்டர் மாட்டின பிறகு, முன்னைவிட யூனிட் ஏறியிருக்கா?"

இன்ஜினியர் ஜட்ஜைப் பார்த்தார்; மின்விசிறியைப் பார்த்தார்; கடைசியில், "இல்ல சார், அதேதான் ஓடுது" என்றார்.

"அப்போ திருடினது எதை?"

அதற்குப் பதிலாக வந்தது தீர்ப்புத்தான்.

"அந்தக் கேள்விய வேற யாரு சார் கேட்டிருப்பாங்க?" என்றாள் அவள்.

"உண்மை எதுன்னு ஜட்ஜுக்குத் தெரியணும் இல்லையா? அதுக்குத்தாம்மா இந்தக் கோட்டு."

"சார், உங்க நட்சத்திரத்தச் சொல்லுங்க," என்றான் வரதராஜுலு. "செவ்வாக்கெழம வல்லக்கோட்டை முருகனுக்கு உங்க பேருல அர்ச்சனை."

"அதெல்லாம் எதுக்குய்யா..."

"சொல்லிடுங்க சார். இல்லன்னா இவரு எல்லா நட்சத்திரத்தயும் சொல்லிப் பூசாரிய ஒரு வழி பண்ணிடுவாரு."

மோகன்ராஜ் தலையைச் சொறிந்தார். "விசாகம்."

"முருகன் நட்சத்திரம்! பாத்தியாடி?" வரதராஜுலு கன்னத்தில் போட்டுக்கொண்டான்.

ஒரகடம் போகிற கம்பெனி பஸ் ஒன்று ஹாரன் அடித்துக்கொண்டு கடந்தது. அந்தச் சத்தம் அடங்கியதும் ரோட்டோரத்திலிருந்து ஒரு குரல் கேட்டது. "ஏலவார்குழலிம்மா! அங்க இன்னா பேச்சு உங்களுக்கு? வாங்க இப்படி!"

வரதராஜுலு எட்டிப் பார்த்தான். "நம்ம வக்கீலுடி. ஆட்டோல உக்காந்துக்கினு கத்தறாரு. வா, போலாம்."

அவள் நகரவில்லை. தூக்குவாளியை மோகன்ராஜின் காலடியில் வைத்துவிட்டு நிமிர்ந்தாள்.

"கரண்ட் ஆபீஸ்காரங்க அப்பீல் போவாங்கன்னு உள்ள பேசிக்கினாங்க சார். அப்படிப் போனாங்கன்னா, இப்ப வந்த மாதிரியே, அவங்க வக்கீலா எங்களுக்கு எதிரா நீங்களே வந்து நிக்கறீங்களா?"