உள்பக்கம் ஒட்டிய உத்தரவு

அவன் மனைவி இறந்ததும், அவள் பெயரில் இருந்த வீட்டைத் தன்னுடையதென்று சொல்லி அவள் அண்ணன் விலைபேசினார். அவன் விட்டேனா பார் என்று நின்றான். வழக்கு முடியும்வரை விற்கக் கூடாதென்று தடையுத்தரவு வாங்கினான். நீதிமன்ற ஊழியர் அதைக் கதவில் ஒட்டினார். மச்சான் கிழித்தார். அவன் நகலை ஒட்டினான். அதையும் கிழித்தார்.

இன்று வீடு வாங்க வந்தவர் வாசலிலேயே நின்றுவிட்டார். தடையுத்தரவு ஜன்னல் கண்ணாடியில் இருந்தது, உள்பக்கமாக, எழுத்துகள் தெருவைப் பார்த்தபடி.

“கோர்ட்டு விவகாரமா? ஆளை விடுங்க” என்று அவர் வண்டியைக் கிளப்பினார்.

மச்சான் அவன் பக்கம் திரும்பினார். “எப்படி மாப்ள உள்ள போன?”

“இருக்கிறது ஒரே சாவி. அதுவும் உங்க பையில. என்னைக் கேக்குறீங்க?”

மச்சான் பூட்டைத் திறந்து உள்ளே போய், அதைக் கிழித்துக் கசக்கிக்கொண்டு வந்தார். பூட்டிவிட்டுத் திரும்பினால், பக்கத்து ஜன்னலில் இன்னொன்று. பசை ஈரமாக வழிந்தது.

அவனும் ஓரடி பின்வாங்கினான். சுவரில் சாய்ந்துகொண்டான்.

“கிழிங்க மச்சான். இன்னும் நாலு ஜன்னல் பாக்கி. இது அவ வீடு. விக்க விடமாட்டோம்.”

மச்சான் சாவியை எடுக்கவில்லை. காகிதத்தின் ஒரு மூலை மடங்கியிருந்தது. இருவரும் பார்த்துக்கொண்டிருக்கும்போதே அது நிதானமாக நிமிர்ந்து கண்ணாடியோடு ஒட்டிக்கொண்டது.