சாவி தேடி வந்தவன்

படார்! வாசல் கதவு திறந்தது.

"என்னங்க, போன தடவை வந்தவனேதான்! மறுபடியும் ஒவ்வொரு டிராயரா திறந்து பார்க்கிறான்" என்று மாடியிலிருந்து எட்டிப் பார்த்துக் கிசுகிசுத்தாள் மனைவி.

"சாவியைத் தேடுறான். தேடட்டும்."

"நாம குத்துக்கல்லாட்டம் இருக்கும்போதே வீட்டைக் குடையுறான், உங்களுக்குக் கொஞ்சமாவது ரோஷம் இருக்கா? போன தடவை உங்களைப் பார்த்து விழுந்து விழுந்து சிரிச்சானே!"

"உன்னைப் பார்த்தப்ப மட்டும் என்ன செஞ்சான்? கொட்டாவிதானே விட்டான்!" கணவன் எழுந்தான். "இந்தத் தடவையும் அவன் பயப்படலைன்னா நமக்கு வீடே இருக்காது."

"அதுக்கு நான் என்ன செய்யணும்?"

"தலையைக் கழற்றிக் கையில வச்சுக்கிட்டு முதல்ல நீ இறங்கு. விளையாடுற அவன் அலறினாத்தான் இந்தப் பேய் வீடியோ கேமுக்கு மூணாம் பாகம் வரும்!"